ஃபியூரான் பாட்டில்ல எப்ப திறந்தோம்னு தேதி எழுதுங்க

போன வருஷம் எங்க லேப்ல புதுசா சேர்ந்த பையன் ஒருத்தன் மாலியிக் அன்ஹைட்ரைடோட டீல்ஸ்-ஆல்டர்ங்கிற ரியாக்ஷன் போடணும்னு ஃப்ரிட்ஜ்ல ஃபியூரான்ங்கிற சால்வென்ட்டத் தேடியிருக்கான். பாட்டில் இருந்துச்சு, ஆனா லேபிள்ல பேரு மட்டும்தான், தேதி இல்ல, மூடியச் சுத்தி உப்பு பூத்த மாதிரி வெள்ளையா ஒட்டியிருக்கு. நல்லவேளை தொடாம வந்து என்னைக் கூப்பிட்டான், ஃப்ரிட்ஜ மூடிட்டு, யாரையும் கிட்ட விடாம, சேஃப்டி ஆளுங்களுக்கு போன் போட்டோம்.

அந்த வெள்ளைப் பொருள் பெராக்சைடா இருக்கலாம். ஃபியூரானும் சரி, நாம தண்ணி மாதிரி ஊத்துற டிஎச்எஃப்-உம் (THF, டெட்ராஹைட்ரோஃபியூரான்) சரி, காத்துல இருக்க ஆக்சிஜனோட சேர்ந்து மெதுவா பெராக்சைடு ஆகிட்டே இருக்கும், கெட்டியா சேர்ந்துட்டா மூடியத் திருகுற உரசலே வெடிக்கப் போதும். இதத் தடுக்கத்தான் கம்பெனிக்காரங்க பிஎச்டி-ன்னு (BHT) ஒரு இன்ஹிபிட்டர் கலந்து அனுப்புறாங்க.

இங்கதான் நெறைய பேர் தப்பு பண்றாங்க. டிஸ்டில் பண்ணா, அதாவது கொதிக்க வெச்சு ஆவியக் குளிர வெச்சுப் புடிச்சா, சுத்தமாயிடும், அப்ப சேஃப்தானேன்னு நினைக்கிறாங்க. பிஎச்டி-யோட கொதிநிலை ரொம்ப அதிகம், அது ஃபிளாஸ்க்லயே தங்கிடும், நீங்க புடிச்சு வெச்ச சுத்தமான சால்வென்ட்டுக்குப் பாதுகாப்பே இல்லாம போயிடும். பெராக்சைடும் அதே மாதிரி அடியிலயே தங்கும், சால்வென்ட் கொறையக் கொறைய அது செறிவாகும், வத்தவிட்டா ஃபிளாஸ்க் வெடிக்கலாம். அதனால கடைசி சொட்டு வரைக்கும் எடுக்கணும்னு ஆசப்படாதீங்க, தாராளமா மிச்சம் விடுங்க, டிஸ்டில் பண்ணத அன்னைக்கே யூஸ் பண்ணிடுங்க.

டிஸ்டில் பண்ண ஹீட்டிங் மேன்ட்டில (ஃபிளாஸ்க சூடாக்குற அடுப்ப) ஆன் பண்றதுக்கு முன்னாடி பெராக்சைடு இருக்கான்னு டெஸ்ட் பண்ணுங்க. டெஸ்ட் ஸ்ட்ரிப் இல்லன்னா கொஞ்சம் அசிட்டிக் ஆசிட்ல பொட்டாசியம் அயோடைடு கரைச்சு ஒரு எம்எல் சால்வென்ட் விட்டுப் பாருங்க, மஞ்சளாவோ பழுப்பாவோ மாறினா பெராக்சைடு இருக்கு. லேசா இருந்தா ஆக்டிவேட்டட் அலுமினா நெறச்ச குழாய் (column) வழியா எறக்கி எடுத்துடலாம், அதுக்கப்புறமும் திரும்ப டெஸ்ட் பண்ணணும். ஆனா படிகம் தெரியுற பாட்டில்ல இந்த டெஸ்ட்டே வேண்டாம், அதத் திறக்கவே கூடாது.

இன்னொன்னு, ஃபியூரான் 31 டிகிரியிலயே கொதிக்கும். சென்னையில மே மாசம் ஏசி நின்னுபோன ரூம்ல அது பாட்டிலுக்குள்ளயே கொதிக்கிற நிலைமைதான். ஐஸ்ல நல்லா குளிர வெச்சு ஆவிய உறிஞ்சி வெளியேத்துற ஃப்யூம் ஹூட்டுக்குள்ள திறங்க, ஆவி காத்தவிட கனம், மேசையோட ஊர்ந்து போய் பக்கத்துல இருக்க ஹாட்பிளேட்லகூட பத்திக்கும். சர்வதேச புற்றுநோய் ஆராய்ச்சி அமைப்பான ஐஏஆர்சி (IARC) இத மனுஷனுக்குப் புத்துநோய் தரக்கூடியதா இருக்கலாம்னு 2பி லிஸ்ட்ல வெச்சிருக்கு, வாசனைய மோந்து பாக்குற பழக்கமும் வேண்டாம். வீட்டுக்குன்னு விக்கிற சாதாரண ஃப்ரிட்ஜ்ல வைக்காதீங்க, உள்ள இருக்க தெர்மோஸ்டாட் தீப்பொறி போதும்.

டீல்ஸ்-ஆல்டருக்கு அந்தப் பையனுக்குத் தேவைப்பட்டது ரெண்டு எம்எல்தான். யாரோ லிட்டர் கணக்குல வாங்கினா விலை கொறையும்னு வாங்கி வெச்சிருக்காங்க. இப்ப எங்க லேப்ல சின்ன பாட்டில் மட்டும்தான் வாங்குறோம், மூடியில மார்க்கர்ல திறந்த தேதி, கடைசியா டெஸ்ட் பண்ண தேதி ரெண்டும் இருக்கும், ஃப்ரிட்ஜ் கதவுல அந்தப் பையனே ஒரு சார்ட் ஒட்டியிருக்கான்.