சிவப்புப் புள்ளி எங்கே இருக்கிறது?

துப்பாக்கியில் குறி பார்க்க உதவும், உள்ளே ஒரு சிவப்புப் புள்ளி தெரியும் சிறு கண்ணாடிக் கருவிதான் ரெட் டாட் சைட். அது பொருத்திய துப்பாக்கியிலிருந்து சிவப்பு ஒளி எதுவும் இலக்கை நோக்கிப் பாய்வதில்லை. சினிமாவில் ஒருவர் சட்டை மேல் சிவப்புப் பொட்டு ஊர்ந்து போவதைக் காட்டுவார்களே, அது லேசர். அது வேறு கருவி, அதன் வேலையும் வேறு. ரெட் டாட் சைட்டில் புள்ளியைப் பார்ப்பவர், அதன் பின்னால் கண் வைத்திருக்கும் ஒருவர் மட்டுமே. இலக்கின் பக்கம் நிற்பவருக்குக் கண்ணாடி லேசாகச் சிவந்து தெரியலாம். புள்ளி தெரியாது.

அப்படியானால் அந்தப் புள்ளி எங்கே இருக்கிறது? கண்ணாடியில் ஒட்டியிருக்கிறதா என்றால் அதுவும் இல்லை. தலையைக் கொஞ்சம் இடப்பக்கம் நகர்த்திப் பாருங்கள், புள்ளியும் கண்ணாடிக்குள் இடப்பக்கம் நகரும். தலையை உயர்த்தினால் புள்ளி மேலே ஏறும். ஆனால் தூரத்தில் எந்த மரத்தின் மேல் அது இருந்ததோ, அதே மரத்தின் மேல்தான் இன்னமும் இருக்கும். இந்தக் கருவியைப் புரிந்துகொள்ள இந்த ஒரு நடத்தையைப் புரிந்துகொண்டால் போதும்.

முதலில், இது இல்லாத காலத்தில் எப்படிக் குறி பார்த்தார்கள் என்று பார்த்துவிடுவோம். கண்ணுக்குப் பக்கத்தில் பள்ளம் வெட்டிய பின்குறி, குழல் முனையில் ஒரு முன்குறி, அதற்கப்பால் இலக்கு. மூன்றையும் ஒரே நேர்க்கோட்டில் நிறுத்த வேண்டும். சிக்கல் என்னவென்றால், மூன்றும் மூன்று வெவ்வேறு தூரங்களில் இருக்கின்றன. கண்ணோ ஒரு நேரத்தில் ஒரு தூரத்தில்தான் குவியும். அதனால்தான் "முன்குறியைத் தெளிவாகப் பார், இலக்கு மங்கினால் மங்கட்டும்" என்று பயிற்சியாளர்கள் சொல்லிக்கொடுக்கிறார்கள். வெள்ளெழுத்து வந்தவருக்கு அந்த முன்குறியே மங்கத் தொடங்கிவிடும். பிழையும் சின்னதாக இருப்பதில்லை. ஒரு கைத்துப்பாக்கியில் இரண்டு குறிகளுக்கும் இடையே 15 சென்டிமீட்டர் இருக்கிறது என்று வையுங்கள். முன்குறி 1 மில்லிமீட்டர் தள்ளிப்போனால், 25 மீட்டர் தொலைவில் குண்டு ஏறக்குறைய 17 சென்டிமீட்டர் தள்ளிப்போய் விழும்.

இதற்கு விடை கண்டவர் துப்பாக்கி செய்பவர் அல்ல, தொலைநோக்கி செய்பவர். டப்ளின் நகரில் தந்தை தாமஸ் கிரப் தொடங்கிய தொலைநோக்கித் தொழிலைத் தொடர்ந்து நடத்திய ஹோவர்ட் கிரப், 1900-ல் இந்தக் குறிநோக்கிக்குக் காப்புரிமை பெற்றார். அவரிடமிருந்து இது வந்ததில் ஆச்சரியமே இல்லை. வானத்தைப் பார்க்கும் கருவிகள் செய்பவருக்கு, முடிவிலியிலிருந்து வரும் ஒளியோடுதான் அன்றாட வேலை.

முடிவிலியிலிருந்து வரும் ஒளி என்றால் என்ன? நமக்கு நெருக்கமாக இருக்கும் ஒரு விளக்கின் கதிர்கள் நம்மை வந்தடையும்போது விரிந்துகொண்டே வருகின்றன. விளக்கு தள்ளிப்போகப் போக அந்த விரிவு குறைகிறது. நட்சத்திரம் அளவுக்குத் தூரம் போய்விட்டால், நம் கண்ணுக்கு வரும் கதிர்கள் எல்லாம் ஒன்றுக்கொன்று இணையாக வருகின்றன. கண் இதைத்தான் அளவுகோலாக வைத்திருக்கிறது. இணையான கதிர்கள் உள்ளே வந்தால், அந்தப் பொருள் வெகு தூரத்தில் இருப்பதாகவே கண்ணும் மூளையும் எடுத்துக்கொள்ளும். அந்தக் கதிர்கள் உண்மையில் எங்கே பிறந்தன என்று அவற்றுக்குத் தெரிய வழியில்லை.

ஒரு குழியாடியின் குவியப் புள்ளியில் சின்ன விளக்கு ஒன்றை வைத்தால், அதில் பட்டுத் திரும்பும் கதிர்கள் எல்லாம் இணையாகத்தான் வெளியே வரும். பள்ளிப் பாடத்தில் வரைந்த அதே படம்தான். ரெட் டாட் சைட்டுக்குள் நடப்பதும் அவ்வளவே. பின்பக்கத்தில், பார்வையை மறைக்காதபடி ஓரமாக, ஒரு சிறிய எல்இடி முன்னோக்கி ஒளி வீசுகிறது. முன்னால் இருக்கும் வளைந்த கண்ணாடி அந்த ஒளியை இணைக்கதிர்களாக்கிக் கண்ணை நோக்கித் திருப்பி அனுப்புகிறது. ஆக, கையெட்டும் தூரத்தில் பிறந்த ஒளி, நட்சத்திரத்தின் ஒளி போல நடித்துக்கொண்டு உள்ளே நுழைகிறது.

நாம் நடந்தால் நிலாவும் கூடவே வருவது சின்ன வயதில் எல்லோரையும் வியக்க வைத்த விஷயம். பக்கத்து மரங்கள் பின்னால் ஓட, நிலா மட்டும் நம்மை விட்டு விலகாது. காரணம், நாம் எங்கே போனாலும் அது ஒரே திசையில் இருக்கிறது. சிவப்புப் புள்ளியும் அப்படித்தான். அதை ஓர் இடம் என்று நினைத்தால் குழப்பம்தான் மிஞ்சும். அது ஒரு திசை. கண்ணாடியின் மையம் வழியாகப் பார்த்தாலும் ஓரம் வழியாகப் பார்த்தாலும் கதிர்கள் அதே கோணத்தில்தான் வருகின்றன. துப்பாக்கிக் குழல் எந்தத் திசையைப் பார்க்கிறதோ அதே திசையில் அந்தக் கோணத்தைப் பூட்டிவிட்டால் வேலை முடிந்தது. கண், பின்குறி, முன்குறி என்று எதையும் வரிசைப்படுத்தத் தேவையில்லை.

ஒளியியலில் எனக்கு மிகவும் பிடித்த கணக்கு இங்கேதான் வருகிறது. கண்ணாடியின் விட்டம் 25 மில்லிமீட்டர் என்று வைத்துக்கொள்வோம். கண்ணை மையத்திலிருந்து ஓரத்துக்குக் கொண்டுபோனால், நம் பார்வைக்கோடு பக்கவாட்டில் அதிகபட்சம் பன்னிரண்டரை மில்லிமீட்டர் நகரும். ஆனால் பழைய கோட்டுக்கு இணையாகவே நகரும். இணைகோடுகள் விலகிக்கொண்டே போகாது. எனவே 25 மீட்டரிலும் அந்தப் பிழை பன்னிரண்டரை மில்லிமீட்டர்தான், 200 மீட்டரிலும் அதேதான். இரும்புக் குறியின் பிழை தூரத்தோடு பெருகிக்கொண்டே போகும். இங்கே அது வளரவே வளராது. இதைவிட அழகான தீர்வு எனக்குத் தெரிந்து வேறில்லை.

சரி, இது காகிதக் கணக்கு. நிஜக் கண்ணாடி இவ்வளவு ஒழுங்காக நடந்துகொள்வதில்லை. எளிதாகத் தீட்டக்கூடிய வளைவு கோளத்தின் வளைவுதான். ஆனால் கோள ஆடி, தன் ஓரத்தில் படும் கதிர்களை மையத்தில் படும் கதிர்களைவிடச் சற்று வேறு கோணத்தில் திருப்புகிறது. இதற்குக் கோளப் பிறழ்ச்சி என்று பெயர். போதாக்குறைக்கு விளக்கு ஓரமாக இருப்பதால் ஆடியையும் சாய்த்து வைக்க வேண்டியிருக்கிறது. இந்தக் குறையைச் சரிசெய்ய ஒரு பழைய உத்தி கைகொடுத்தது. பிரெஞ்சு ராணுவப் பொறியாளர் அல்ஃபோன்ஸ் மாஞ்சன் 1870-களில் தேடுவிளக்குகளுக்காக ஓர் ஆடியை உருவாக்கினார். ஒளி முதலில் கண்ணாடிக்குள் நுழைந்து, பின்புறத்து வளைவில் பட்டு, மறுபடி கண்ணாடி வழியாகவே வெளியே வரும். இரண்டு வளைவுகளும் வேறு வேறு அளவில் இருப்பதால், ஒன்றின் பிழையை மற்றொன்று பெரும்பாலும் விழுங்கிவிடும். இன்றைய நல்ல ரெட் டாட் சைட்டுகளில் இதே எண்ணம்தான் இரண்டு லென்ஸ்களை ஒட்டிய வடிவில் இருக்கிறது. எதிரொளிக்கும் பூச்சு இரண்டுக்கும் நடுவில் இருக்கும். அப்படியும் கொஞ்சம் பிழை எஞ்சத்தான் செய்யும். "இடமாறு தோற்றப் பிழை (தலை அசைந்தால் புள்ளி இலக்கை விட்டு விலகுவது) அறவே இல்லை" என்று விளம்பரத்தில் போடுவதை அப்படியே நம்ப வேண்டாம். மலிவான கருவிகளில், தலையை அசைக்கும்போது புள்ளி இலக்கை விட்டு வழுகுவது கண்ணுக்கே தெரியும்.

ஆடி என்றால் அதன் வழியாக எப்படி வெளியே பார்க்க முடிகிறது என்ற கேள்வி இந்நேரம் எழுந்திருக்கும். கண்ணாடியின் மேல் ஒளியின் அலைநீளத்தைவிட மெல்லிய பல படலங்களை அடுக்கடுக்காகப் பூசுகிறார்கள். ஒவ்வொரு படலத்திலிருந்தும் திரும்பும் அலைகள், எல்இடி தரும் 650 நானோமீட்டரை ஒட்டிய சிவப்பில் மட்டும் ஒன்றையொன்று பலப்படுத்தும்படி தடிமன் கணக்கிடப்பட்டிருக்கும். அந்தச் சிவப்புக்கு அது ஆடி, மற்ற நிறங்களுக்கு வெறும் ஜன்னல். அந்தக் குறுகிய சிவப்பு கண்ணுக்கு வராமல் போவதால், கருவி வழியாகப் பார்க்கும்போது உலகம் இளநீலச் சாயலில் தெரியும். முன்னால் நிற்பவருக்குக் கண்ணாடி சிவந்து தெரிவதும் இதே பூச்சால்தான்.

கிரப்பின் காலத்தில் இவ்வளவு சின்ன விளக்கு கிடையாது. அதனால் இந்த யோசனை முதலில் விமானங்களில்தான் குடியேறியது. 1918-ல் ஜெர்மன் போர் விமானங்களில் ஓய்கே நிறுவனத்தின் பிரதிபலிப்புக் குறிநோக்கிகளைப் பொருத்திப் பார்த்தார்கள். இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் அது போர் விமானங்களில் வழக்கமான கருவியாகிவிட்டது. விமானி தலையைக் குனியாமல் வேகத்தையும் உயரத்தையும் முன்கண்ணாடியிலேயே படிக்க உதவும் இன்றைய திரைகள் அதன் நேரடி வாரிசுகள். கையில் ஏந்தும் துப்பாக்கிகளில் அது பரவ எல்இடி வர வேண்டியிருந்தது. ஸ்வீடனின் எய்ம்பாயிண்ட் நிறுவனம் 1975-ல் எல்இடி வைத்த கருவியை விற்பனைக்குக் கொண்டுவந்தது.

இதற்குத் தேவைப்படும் மின்சாரம் வியப்பூட்டும் அளவுக்குக் குறைவு. சில கருவிகள் ஒரே ஒரு சிஆர்2032 பட்டன் பேட்டரியில், நடுத்தர வெளிச்சத்தில், 50,000 மணி நேரம் எரியும். ஐந்து ஆண்டுக்கும் மேல். அந்த பேட்டரியின் கொள்ளளவு சுமார் 220 மில்லிஆம்பியர் மணி. வகுத்துப் பார்த்தால் சராசரியாக நான்கு, ஐந்து மைக்ரோஆம்பியர்தான் ஓடுகிறது. இலக்கை வெளிச்சமாக்கும் வேலை இதற்கு இல்லை என்பதால்தான் இது சாத்தியம். ஒரு கண்மணிக்குள் விழும் ஒளி போதும்.

புள்ளியின் அளவையும் மில்லிமீட்டரில் சொல்ல மாட்டார்கள். திசைக்கு அளவு கோணத்தில்தானே இருக்க முடியும்? ஒரு பாகையை 60 பங்காக்கினால் ஒரு பங்கு ஒரு கலை. துப்பாக்கிக்காரர்கள் எம்ஓஏ என்பார்கள். 1 எம்ஓஏ என்பது 100 மீட்டர் தூரத்தில் சுமார் 2.9 சென்டிமீட்டர். எனவே 2 எம்ஓஏ புள்ளி அங்கே கிட்டத்தட்ட 6 சென்டிமீட்டரை மறைக்கும். ஆடியின் குவியத் தூரம் 35 மில்லிமீட்டர் என்றால், அந்தப் புள்ளியை உண்டாக்கும் ஒளித்துளையின் அகலம் ஒரு மில்லிமீட்டரில் ஐம்பதில் ஒரு பங்குதான். தலைமுடியைவிட மெல்லியது.

புள்ளி திசையைச் சொல்லுமே தவிர, குண்டு போகும் பாதை அதற்குத் தெரியாது. கருவி குழலுக்கு மேலே சில சென்டிமீட்டர் உயரத்தில் உட்கார்ந்திருக்கிறது. குண்டோ வளைந்து விழுந்துகொண்டே போகிறது. அதனால் ஒரு குறிப்பிட்ட தூரத்தைத் தேர்ந்தெடுத்து, அங்கே இரண்டும் சந்திக்கும்படி இரண்டு திருகுகளால் புள்ளியின் கோணத்தை மேலும் கீழும், இடமும் வலமும் நகர்த்திச் சரிசெய்வார்கள். மிகப் பக்கத்தில் சுட்டால் குண்டு புள்ளிக்குக் கீழே படுவது இதனால்தான். கருவியில் கோளாறு என்று நினைத்துத் திருகைத் திருப்பிவிடக் கூடாது.

புள்ளியும் இலக்கும் ஏறக்குறைய ஒரே தூரத்தில் இருப்பதாகக் கண் எடுத்துக்கொள்வதால், இரண்டும் ஒருசேரத் தெளிவாகத் தெரிகின்றன. இன்னொரு வசதி, இரண்டு கண்களையும் திறந்து வைத்துக்கொண்டே குறி பார்க்கலாம். ஒரு கண் புள்ளியைப் பார்க்க, மற்றது சுற்றுப்புறம் முழுவதையும் பார்க்க, மூளை இரண்டையும் ஒரே காட்சியாக்கிவிடுகிறது. இதை எல்லைக்கே கொண்டுபோன கருவி சிங்கிள்பாயிண்ட். அதன் வழியாக வெளியே பார்க்கவே முடியாது, உள்ளே புள்ளி மட்டும்தான் தெரியும். 1970-ல் வியட்நாமின் சோன் டே போர்க்கைதி முகாம் மீது அமெரிக்க வீரர்கள் நடத்திய தாக்குதலில் இந்தக் கருவிகள் பயன்பட்டன. ஆனால் இரண்டு கண்களும் வேறு வேறு காட்சிகளைப் பார்க்கும்போது, சிலருக்கு அவை லேசாகத் திசை விலகிவிடும். விலகினால் புள்ளியும் தவறான இடத்தில் அமரும். வெளியே பார்க்க விடும் வகை நிலைத்ததற்கு இது நியாயமான காரணம்.

ஹாலோகிராஃபிக் சைட் என்று விற்கப்படுவது இதன் நெருங்கிய உறவு. அதில் எல்இடிக்குப் பதில் லேசர் டையோடு, ஆடிக்குப் பதில் குறியின் வடிவத்தைப் பதிந்து வைத்த ஹாலோகிராம். வளையம், கோடு என்று எந்த வடிவமும் நுணுக்கமாக வரும். ஆனால் லேசர் மின்சாரத்தை அதிகம் குடிக்கும், பேட்டரி ஆண்டுக்கணக்கில் தாங்காது.

கடைசியாக, இதை வாங்கியவர்கள் பலர் சொல்லும் ஒரு குறை. புள்ளி வட்டமாக இல்லை, நட்சத்திரம் போலவோ வால் முளைத்தது போலவோ தெரிகிறது என்பார்கள். பெரும்பாலும் கருவியில் பிழை இருக்காது. கருவிழியின் வளைவு எல்லாப் பக்கமும் ஒரே சீராக இல்லாதவர்களுக்கு, அதாவது அஸ்டிக்மாடிசம் உள்ளவர்களுக்கு, இருளில் எரியும் எந்தச் சின்ன விளக்கும் அப்படித்தான் சிதறும். கருவியைத் துப்பாக்கியிலிருந்து கழற்றி, கண் வைக்கும் இடத்தில் போன் கேமராவை வைத்து, வெளிச்சத்தைக் குறைத்து ஒரு படம் எடுங்கள். அல்லது கருவியை மெல்லச் சுழற்றிப் பாருங்கள். வால் கருவியோடு சேர்ந்து சுழன்றால் குறை கருவியில் இருக்கிறது. கருவி சுழன்றும் வால் அசையாமல் நின்றால் குறை கண்ணில் இருக்கிறது, சரியான மூக்குக் கண்ணாடி போட்டால் பெரும்பாலானவர்களுக்குப் புள்ளி மறுபடி வட்டமாகிவிடும்.