தொடப்பக் குச்சி அம்பும் மூன்றாம் நாளும்

"கண்ணுல தூசி விழுந்துச்சுன்னுதான் சொன்னான் டாக்டரம்மா. நானும் தண்ணிய அடிச்சு கழுவி விட்டேன். ரெண்டு நாளா கசக்கிக்கிட்டே இருந்தான்."

அயனாவரத்திலிருந்து வந்திருந்த அம்மா இதைச் சொல்லும்போது, ஆறு வயதுப் பையன் என் மேசைமேல் இருந்த டார்ச் லைட்டை எடுத்து விளையாடிக்கொண்டிருந்தான். அழவில்லை, வலிக்கிறது என்றும் சொல்லவில்லை. இடது கண் கொஞ்சம் சிவந்திருந்தது, அவ்வளவுதான். டார்ச்சை வாங்கி அந்தக் கண்ணில் அடித்துப் பார்த்தேன். கண்ணின் நடுவே வட்டமாக இருக்க வேண்டிய பாப்பா, கீழ்ப்பக்கம் இழுபட்டுக் கண்ணீர்த் துளி போல நீண்டிருந்தது. அந்தத் துளியின் நுனியில், கருவிழியின் ஓரத்தில், எள்ளைவிடச் சிறியதாக ஒரு பழுப்புப் புள்ளி.

அது தூசி இல்லை. கருவிழியில் ஓட்டை விழுந்து, உள்ளே இருக்கும் படலம் அந்த ஓட்டையில் வந்து அடைத்துக்கொண்டிருக்கிறது. கூர்மையான ஏதோ ஒன்று குத்தியிருக்கிறது.

என்ன பட்டது என்று கேட்டேன். பையன் அம்மாவைப் பார்த்தான், பிறகு கதவைப் பார்த்தான். கதவுக்கு வெளியே பத்து வயதில் ஒரு பையன் நின்றிருந்தான். உள்ளே வரவே இல்லை. எனக்குப் புரிந்துவிட்டது. "யாரும் உன்னைத் திட்ட மாட்டாங்க, அடிக்க மாட்டாங்க. உள்ள வந்து சொல்லுப்பா" என்று நானே எழுந்து போய் அழைத்தேன். அரசர் படம் பார்த்துவிட்டு மொட்டை மாடியில் கோட்டைச் சண்டை விளையாடியிருக்கிறார்கள். தண்ணீர்த் தொட்டி மேடுதான் கோட்டை. தம்பி கோட்டையைக் காக்க, அண்ணன் படையெடுத்து வந்திருக்கிறான். மூங்கில் பட்டையை வளைத்து ரப்பர் பேண்ட் கட்டிய வில், தொடப்பக் குச்சி அம்பு. "மூணு அம்பு ஒண்ணா விட்டேன். ஒண்ணுதான் பட்டுச்சு" என்றான்.

(இந்தக் குடும்பத்தை யாரும் அடையாளம் காண முடியாதபடி சில விவரங்களை மாற்றியிருக்கிறேன். குச்சியையும் மூன்று நாள் தாமதத்தையும் மாற்றவில்லை.)

ஒரே வில்லில் மூன்று அம்பு எங்கிருந்து வந்தது என்று தமிழ்நாட்டில் யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. 2017-இல் வந்த 'பாகுபலி' இரண்டாம் பாகத்தில் நாயகன் நாயகிக்கு அதைக் கற்றுக்கொடுப்பான். நானும் திரையரங்கில் கைதட்டிப் பார்த்தவள்தான். 2022-இலும் 2023-இலும் 'பொன்னியின் செல்வன்' வந்தபோது வீட்டில் எல்லோரையும் கூட்டிக்கொண்டு போனேன். கொடி, யானை, கோட்டை மதில், ஒரு நாட்டை இன்னொரு நாடு விழுங்கப் பார்க்கும் சூழ்ச்சி என்றால் பிள்ளைகளுக்குக் கண் விரியும். நமக்கு மட்டும் என்ன? மண்ணாசை கொண்டு வேந்தன் மேல் வேந்தன் படையெடுப்பதை வஞ்சித்திணை என்று இலக்கணமே வகுத்து வைத்த மொழி இது. இந்தப் படங்களைப் பார்க்கக் கூடாது என்று நான் யாருக்கும் சொல்ல மாட்டேன். படம் முடிந்து வீட்டுக்கு வந்த பிறகு மொட்டை மாடியில் என்ன நடக்கிறது என்பதுதான் என் கவலை.

இது புதிதும் இல்லை. 1987-இல் இராமாயணத் தொடரும், அடுத்த ஆண்டு மகாபாரதத் தொடரும் தொலைக்காட்சியில் தொடங்கியபோது, குழந்தைகளின் அம்புக் காயம் எப்படி வரிசையாக வந்தது என்று எங்களுக்குப் பாடம் எடுத்த மூத்த மருத்துவர்கள் சொல்லியிருக்கிறார்கள். நான் பயிற்சி எடுத்த காலத்தில் அதை ஒரு பழங்கதை போலத்தான் கேட்டேன். இப்போது பெரிய போர்ப் படம் ஒன்று வெளியாகிக் கோடை விடுமுறையும் சேர்ந்துகொண்டால், என் செவிலியர் குழந்தைகளுக்கான தையல் நூல் கையிருப்பைத் தானாகவே சரிபார்க்கிறார்.

திரையில் நடப்பதற்கும் மாடியில் நடப்பதற்கும் உள்ள தூரத்தைப் பிள்ளைகளுக்கு யாரும் சொல்லிக் கொடுப்பதில்லை. வடபழனிப் பக்கத்திலிருந்து கண் பரிசோதனைக்கு வரும் சண்டைக் கலைஞர் ஒருவர் என்னிடம் விளக்கினார். அம்பு பறக்கிற காட்சியில் பெரும்பாலும் அம்பே இருக்காதாம், பிறகு கம்ப்யூட்டரில் சேர்ப்பார்களாம். வாள்வீச்சு ஒவ்வொன்றுக்கும் எண்ணிக்கை உண்டு, ஒத்திகை உண்டு. "யாரோட முகத்துக்கு நேராவும் எதையும் விட மாட்டோம்மா. முகம்தானே எங்களுக்குச் சோறு" என்றார். இன்னொன்றையும் கவனியுங்கள். உண்மையான போரில் தலையைக் காக்கத்தான் தலைக்கவசம். படத்திலோ நாயகனின் முகம் தெரிய வேண்டும் என்பதற்காக அவன் எப்போதும் வெறும் தலையோடு, திறந்த முகத்தோடு போரிடுகிறான். ஆயிரம் அம்பு மழையாகக் கொட்டினாலும் ஒன்றுகூட அவன் கண்ணில் படுவதில்லை.

வரலாற்றில் பட்டிருக்கிறது. 1556 நவம்பரில் இரண்டாம் பானிப்பட் போரில் டெல்லியைத் தன் வசம் வைத்திருந்த ஹேமு வெற்றியை நெருங்கிக்கொண்டிருந்தபோது, அவர் கண்ணில் ஓர் அம்பு பாய்ந்தது. யானை மேலிருந்து அவர் சாய்ந்ததைக் கண்டதும் படை சிதறி ஓடியது. டெல்லி ஆட்சி 14 வயது அக்பர் பக்கம் போனது.

நாடு பிடிக்கும் சண்டையில் கண்ணுக்கு என்ன ஆகிறது என்பதை மறைக்காமல் காட்டிய படம் என்று நான் நினைப்பது, ஜப்பானிய இயக்குநர் குருசோவாவின் 1985-ஆம் ஆண்டுப் படமான 'ரான்'. கோட்டை கோட்டையாகப் பிடித்து நாட்டை விரித்த ஒரு கிழட்டுப் பிரபு, அதை மூன்று பிள்ளைகளுக்குப் பிரித்துக் கொடுக்கிறார். அவர் அழித்த குடும்பம் ஒன்றில் ஒரு சிறுவனை உயிரோடு விட்டிருக்கிறார், அவன் கண்களைப் பிடுங்கிய பிறகு. எல்லாம் முடிந்த பின் கடைசிக் காட்சியில், இடிந்த கோட்டை மதிலின் விளிம்பில் அந்தக் குருடன் தனியாகக் கோலூன்றி நிற்கிறான். அடுத்த அடி வைத்தால் பள்ளம். அது சிறுவர்களுக்கான படம் இல்லை, பெற்றோர் பார்க்கலாம். அந்தக் காட்சியைப் பார்த்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

இனி, கண்ணுக்குள் என்ன நடக்கிறது என்று சொல்கிறேன். இதைத்தான் நீங்கள் நினைவில் வைக்க வேண்டும்.

கருவிழியின் நடுப்பகுதி ஏறத்தாழ அரை மில்லிமீட்டர் தடிமன்தான். காய்ந்த தென்னை ஈர்க்கின் நுனிக்கு அது ஒரு தடையே இல்லை. குத்திய உடனே உள்ளே இருக்கும் நீர் வெளியே வருகிறது. கண்ணுக்கு நிறம் தரும் மெல்லிய படலம் அந்த நீரோடு நகர்ந்து வந்து ஓட்டையை அடைத்துக்கொள்கிறது. நீர் கசிவது நின்றுவிடும், வலியும் குறைந்துவிடும். பிள்ளை மறுபடி விளையாடப் போய்விடும். அடைபட்டதால் ஆறியது போலத் தெரியும் அந்த ஓரிரு நாளில்தான் எல்லாம் கெடுகிறது. ஈர்க்கில் ஒட்டியிருந்த பூஞ்சைக் கிருமி உள்ளே வளரத் தொடங்கும். நம் ஊரின் வெக்கையும் ஈரமும் அதற்கு நல்ல தோது. குச்சி லென்ஸைத் தொட்டிருந்தால் ஆறு வயதிலேயே கண்புரை வரும். அரிதாக, அடிபட்ட கண்ணின் காரணமாக அடிபடாத மற்றக் கண்ணும் வீங்கிப் பார்வை இழப்பதுண்டு.

அந்தப் பையன் விஷயத்தில் இன்னொன்றும் நடந்திருந்தது. இரண்டாம் நாள் தெருமுனை மருந்துக்கடையில் "கண் சிவந்திருக்கு" என்று சொல்லி ஒரு சொட்டு மருந்து வாங்கியிருக்கிறார்கள். பாட்டிலைக் காட்டச் சொன்னேன். ஸ்டீராய்டு கலந்தது. சிவப்பை உடனே குறைத்துக் காட்டும், ஆனால் பூஞ்சைக்கு அது விருந்து. மருத்துவர் பார்க்காமல் எந்தச் சொட்டு மருந்தையும் குழந்தையின் கண்ணில் விடாதீர்கள். தாய்ப்பால், விளக்கெண்ணெய், நந்தியாவட்டைப் பூச்சாறு எதுவும் வேண்டாம். பாட்டி அன்போடுதான் சொல்வார். அன்புக்கு நன்றி சொல்லிவிட்டுக் கிளம்பி வாருங்கள்.

கூர்மையான எதுவும் கண்ணில் பட்டதாகத் தெரிந்தால் கழுவக் கூடாது, கசக்கக் கூடாது, அழுத்திக் கட்டவும் கூடாது. குச்சி இன்னும் குத்திக்கொண்டு நின்றால் அதைப் பிடுங்கவே கூடாது, நாங்கள் அறுவை அரங்கில் எடுத்துக்கொள்வோம். டீக்கடை பேப்பர் கப் ஒன்றின் அடிப்பகுதியை வெட்டி, கண்ணைத் தொடாமல் சுற்றியுள்ள எலும்பின் மேல் உட்காரும்படி வைத்து, மேலே டேப் ஒட்டுங்கள். பஞ்சு வைக்க வேண்டாம். உடனே புறப்படுங்கள். அழும் பிள்ளையைச் சமாதானப்படுத்த வழியில் பன்னும் பாலும் வாங்கிக் கொடுத்துவிடுகிறார்கள். மயக்க மருந்து கொடுக்க வயிறு காலியாக இருக்க வேண்டும். அந்த ஒரு பன்னுக்காக அறுவை சிகிச்சை ஆறு மணி நேரம் தள்ளிப் போனதைப் பார்த்திருக்கிறேன்.

கழுவ வேண்டாம் என்று சொன்னதற்கு ஒரு விலக்கு உண்டு, அதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். வெற்றிலைச் சுண்ணாம்புப் பாக்கெட்டை அழுத்தும்போது அது பீய்ச்சிக் கண்ணில் பட்டுவிட்டால், ஆசிட் போன்ற ரசாயனம் பட்டுவிட்டால், அந்த நொடியே குழாயடியில் கண்ணைத் திறந்து வைத்து விடாமல் கழுவ வேண்டும். அரை மணி நேரம் கழுவிவிட்டுத்தான் மருத்துவமனை. குத்துக்காயத்துக்குத்தான் தண்ணீர் ஆகாது.

சென்னையில் இருப்பவர்களுக்கு இதற்கு வழி இல்லாமல் இல்லை. எழும்பூர் அரசு கண் மருத்துவமனை 1819-இல் தொடங்கப்பட்டது. உலகின் மிகப் பழைய கண் மருத்துவமனைகளில் ஒன்றை ஊருக்குள்ளேயே வைத்துக்கொண்டு ஒரு பிள்ளை மூன்று நாள் வீட்டில் இருப்பதை என்னால் ஏற்றுக்கொள்ள முடியவில்லை.

அந்த மூன்று நாளுக்குக் காரணம் பணமோ தூரமோ இல்லை. அப்பா அடிப்பார் என்ற பயம். அண்ணன் தம்பியிடம் சத்தியம் வாங்கியிருக்கிறான், தம்பி கடைசிவரை காட்டிக்கொடுக்கவில்லை. படத்தில் தோழனைக் காட்டிக்கொடுக்காதவன்தானே வீரன்? பகைவன் வேல் எறியும்போது இமைத்தாலே தோல்வி என்று படைச்செருக்கு அதிகாரத்தில் வள்ளுவர் சொல்லியிருப்பது போர்க்களத்து வீரனுக்கு. ஆறு வயதுப் பிள்ளைக்கு இமைதான் கவசம். ஆனால் இமை மூட நொடியில் பத்தில் ஒரு பங்காவது வேண்டும், இரண்டு கெஜத்திலிருந்து வரும் அம்பு அதற்குக் காத்திருக்காது. இதையெல்லாம் பிள்ளைகளிடம் முன்கூட்டியே பேசுங்கள். "கண்ணுல எது பட்டாலும் உடனே எங்கிட்ட வந்து சொல்லணும். யார் செஞ்சிருந்தாலும் அடிக்க மாட்டேன்." இந்த ஒரு வாக்கியத்தைப் படம் பார்க்கக் கிளம்பும் முன் சொல்லுங்கள். சொன்ன பிறகு உண்மையிலேயே அடிக்காதீர்கள்.

விளையாட்டை நிறுத்த வேண்டாம். நாளிதழைச் சுருட்டி வாள் செய்து கொடுங்கள், அட்டைப்பெட்டியில் கேடயம் செய்யுங்கள். கழுத்துக்கு மேல் அடி கிடையாது என்பது போர் விதி. பறக்கிற ஆயுதம் மட்டும் வேண்டாம், வில்லும் கவணும் அறவே வேண்டாம். மயிலாப்பூர் அறுபத்துமூவர் விழாவில் கண்ணப்ப நாயனார் பல்லக்கில் வரும்போது, மாட வீதிக் கடையில் பிள்ளைகள் பிளாஸ்டிக் வில்லைப் பேரம் பேசுகிறார்கள். அம்பின் நுனியில் உள்ள ரப்பர் மூடி வீட்டுக்கு வந்த ஒரு மணி நேரத்தில் கழன்றுவிடும், கழற்றியும் விடுவார்கள். 2021 முதல் பொம்மைகளுக்கு ஐ.எஸ்.ஐ. முத்திரை கட்டாயம். அது இல்லாத பொம்மையை வாங்காதீர்கள். முத்திரை இருந்தாலும் அம்பு எய்கிற பொம்மையை நான் வாங்க மாட்டேன்.

பையனுக்கு அன்றிரவே தையல் போட்டோம். தலைமுடியைவிட மெல்லிய நைலான் நூலில் நான்கு தையல். பூஞ்சைக்கான மருந்து மணிக்கொரு முறை, இரவும் பகலும். லென்ஸ் தப்பித்திருந்தது. ஆனால் கருவிழியில் தழும்பு விழுந்துவிட்டதால், அந்தக் கண்ணை மூளை ஒதுக்கிவிடாமல் இருக்க நல்ல கண்ணைத் தினமும் மூடி வைக்க வேண்டியிருந்தது. சோம்பேறிக் கண் ஆகிவிட்டால் பிறகு எந்தக் கண்ணாடியும் உதவாது. ஆறு வயதுப் பிள்ளைக்கு இது பெரிய கொடுமை. தெளிவாகத் தெரியும் கண்ணை மூடிவிட்டு, மங்கலாகத் தெரியும் கண்ணால் படி, எழுது, சாப்பிடு என்கிறோம். பெரும்பாலான வீடுகளில் இரண்டாம் வாரமே விட்டுவிடுவார்கள்.

அடுத்த மாதம் வந்தபோது அண்ணன் கதவருகில் நிற்கவில்லை, நேராக என் மேசைக்கு வந்து ஒரு நாற்பது பக்க நோட்டை வைத்தான். தேதி, பட்டை ஒட்டிய நேரம், எடுத்த நேரம், தம்பி அந்த நேரத்தில் என்ன செய்தான் என்று நான்கு கட்டம் போட்டிருந்தான். சில இடங்களில் 'அழுதான்' என்று எழுதியிருந்தது. ஒரு நாள்கூட விடுபடவில்லை. தம்பி அன்று பார்வைப் பலகையில் நான்காவது வரிவரை படித்தான். ஐந்தாவது வரியில் திணறியபோது அண்ணன் வாயசைத்துச் சொல்லிக்கொடுக்கப் பார்த்தான். அவனை மட்டும் வெளியே உட்கார வைத்துவிட்டு மறுபடி முதலிலிருந்து படிக்கச் சொன்னேன்.