ஆப்பிரிக்கக் கெளுத்திக்குத் தடை: வேலூர் வட்டார மீன் வளர்ப்போருக்கு ஒரு விளக்கம்

ஆப்பிரிக்கக் கெளுத்தியை வளர்க்கக் கூடாது என்று மத்திய வேளாண் அமைச்சகம் 1997ஆம் ஆண்டிலேயே மாநிலங்களுக்கு அறிவுறுத்தியது. தேசியப் பசுமைத் தீர்ப்பாயமும் 2019இல் அந்தத் தடையை வலியுறுத்தியது. என் நிலத்தில், என் செலவில் வெட்டிய பண்ணைக்குட்டையில் எந்த மீனை விட்டால் அரசுக்கு என்ன என்று கேட்போர் இன்றும் உண்டு. கேள்வி நியாயமாகத் தோன்றினாலும், நம் மாவட்டத்தின் நீர் அமைப்பு அதற்கு இடம் தருவதில்லை.

இங்குள்ள ஏரிகள் பெரும்பாலும் சங்கிலித் தொடராக அமைந்தவை. மேல் ஏரி நிரம்பினால் கலங்கல் வழியாக வழியும் நீர் கால்வாயில் ஓடி அடுத்த ஏரியைச் சேரும். 2021 நவம்பரில் பாலாறு பெருக்கெடுத்ததுபோன்ற ஒரு மழைக்காலத்தில் குட்டையின் கரை மூழ்கினால், உள்ளிருக்கும் மீன் யாருடைய அனுமதியும் இன்றி ஊர் ஏரிக்குள் போய்விடும். ஆப்பிரிக்கக் கெளுத்திக்கு வெள்ளம்கூடத் தேவையில்லை. காற்றைச் சுவாசிக்கும் உறுப்பு இருப்பதால் ஈரத்தரையில் ஊர்ந்து இடம் மாறும். கோடையில் ஏரி வற்றினாலும் சேற்றுக்குள் பதுங்கிக் கிடக்கும். ஒரு மீட்டருக்கு மேலும் வளரக்கூடிய இம்மீன் அயிரை, கெண்டை, விரால் குஞ்சு, மீன் முட்டை, தவளை என வாய்க்கு அகப்பட்டதை எல்லாம் தின்னும். மீன்பாசிக் குத்தகை (ஏரியில் மீன் பிடிக்கும் உரிமை) எடுத்தவர் விட்ட கட்லா, ரோகு விரலிகளும், அதாவது விரல் நீளக் குஞ்சுகளும், அதற்கு இரைதான். இறைச்சிக் கழிவைக் கொட்டி வளர்க்கும் வழக்கத்தால் குட்டை நீரும் கெடுகிறது.

வெளிநாட்டு மீன் என்பதனாலேயே எதுவும் தடைக்கு உள்ளாவதில்லை. புல்கெண்டையும் வெள்ளிக்கெண்டையும் வெளியிலிருந்து வந்தவைதாம். அவற்றை மீன்வளத் துறையே இருப்புச் செய்யப் பரிந்துரைக்கிறது. 1952இல் கொண்டுவரப்பட்ட ஜிலேபிக் கெண்டை எனப்படும் திலேப்பியாவின் கதை வேறு. முட்டைகளை வாயிலேயே அடைகாத்து, ஆண்டுக்குப் பலமுறை பெருகி, இரைக்குப் போட்டியிட்டு, கடைசியில் ஏரி முழுவதும் உள்ளங்கை அளவுச் சிறுமீனாகவே அது நிறைந்துவிடுகிறது. இன்று வளர்க்கப்படும் மேம்படுத்தப்பட்ட திலேப்பியாவுக்கு 2009ஆம் ஆண்டின் மத்திய வழிகாட்டுதல்கள் உள்ளன: துறையின் அனுமதி பெற்ற பண்ணையில், நீர் வெளியேறும் வழிகளில் வலை அடைப்பு வைத்து மட்டுமே வளர்க்கலாம், ஏரி, குளங்களில் விடக் கூடாது.

பிரதமரின் மத்ஸ்ய சம்பதா திட்டத்தில் மீன் வளர்ப்புக்குப் பொதுப் பிரிவினருக்குத் திட்ட மதிப்பில் 40 விழுக்காடும், பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் 60 விழுக்காடும் மானியம் உண்டு. தடை செய்யப்பட்ட மீனை நம்பி அதற்கு விண்ணப்பிப்பது வீண். குட்டையில் அது இருப்பது தெரியவந்தால் அழிக்கப்படும். குஞ்சு வாங்கும்போது இனத்தின் பெயர் எழுதிய ரசீதைக் கேட்டுப் பெறுங்கள். ஏற்கெனவே குட்டையில் அம்மீன் இருந்தால் உயிருடன் கால்வாயில் திறந்துவிடாமல், மாவட்ட மீன்வளத் துறை அலுவலகத்தில் முதலில் தெரிவியுங்கள்.