அங்கோர் வாட்டைத் தாங்கி நிற்பது தண்ணீர்

பழைய கற்கட்டடங்களைப் பழுதுபார்ப்பது என் தொழில். கம்போடியா போய்வந்தவர்கள் என்னைப் பார்த்ததும் கேட்பது அநேகமாக ஒரே கேள்விதான்: சுண்ணாம்புச் சாந்துகூட இல்லாமல் இவ்வளவு பெரிய கோயிலை எப்படிக் கட்டினார்கள்? அதற்குப் பதில் சொல்லலாம். ஆனால் அது எதன்மேல் நிற்கிறது என்று யாரும் கேட்பதில்லை, எனக்கு அதுதான் பெரிய விஷயம்.

முதலில் வாட்ஸ்அப் சமாச்சாரத்தை முடித்துவிடுகிறேன். அங்கோர் வாட்டைக் கட்டியது தமிழ் மன்னன் என்று அடிக்கடி யாராவது அனுப்பிக்கொண்டே இருக்கிறார்கள். கட்டியவன் கம்போடியாவை ஆண்ட கெமர் இனத்து அரசன் இரண்டாம் சூர்யவர்மன், 12ஆம் நூற்றாண்டின் முதல் பாதியில், விஷ்ணுவுக்காக. கெமர் எழுத்து பல்லவர் எழுத்திலிருந்து வந்தது உண்மை, நம் தெய்வங்கள் கடல் தாண்டிப் போனதும் உண்மை, அதற்காகக் கட்டடமும் நம்முடையது ஆகிவிடாது. 7ஆம் நூற்றாண்டில் சம்போர் பிரேய் குக்கில் செங்கல் கோயில்கள் கட்டினார்கள், 881இல் பகோங்கில் அடுக்கடுக்காக உயரும் கல் மலையைக் கட்டினார்கள், அப்புறம் இரண்டரை நூற்றாண்டு அந்த மலையையே மாற்றி மாற்றிக் கட்டிப் பார்த்துத்தான் இங்கே வந்து சேர்ந்தார்கள்.

மலை என்றால் மேரு. ஐந்து கோபுரங்கள் அதன் சிகரங்கள், சுற்றுச் சுவர்கள் மலைத்தொடர்கள், அகழி கடல். இதை எல்லா வழிகாட்டிகளும் சொல்வார்கள். அவர்கள் சொல்லாதது, அந்தக் கடல் கட்டடத்துக்கும் வேலை செய்கிறது என்பது. கோயில் நிற்பது பாறைமேல் இல்லை, மணல்மேல். மணலை நிரப்பிக் கெட்டித்து, மேலே லேட்டரைட் எனும் செம்புரைக்கல்லை அடுக்கி, அதற்கு மணற்கல்லால் போர்வை போட்டிருக்கிறார்கள். கடற்கரையில் ஈர மணலில் நடந்தால் கால் புதையாது, காய்ந்த மணலில் புதையும் இல்லையா, அதே கதைதான். சுமார் 190 மீட்டர் அகல அகழியில் தண்ணீர் இருக்கும்வரை அடியில் நீர்மட்டம் கோடையிலும் சட்டென்று இறங்காது, மணலும் இறுகியே இருக்கும், 65 மீட்டர் உயர நடுக்கோபுரமும் அசையாது. பக்கத்தில் சியம் ரீப் நகரில் ஹோட்டல்கள் பெருகி ஆழ்குழாய் போட்டு நிலத்தடி நீரை உறிஞ்ச ஆரம்பித்தபோது எங்கள் துறைக்காரர்கள் பதறியதற்குக் காரணம் இதுதான்.

அதே தண்ணீர் மேலிருந்து இறங்கினால் என்ன ஆகும் என்று தெரிய பாபுவோனுக்குப் போங்கள். 11ஆம் நூற்றாண்டின் சிவன் கோயில் அது, உள்ளே மணலை நிரப்பி எழுப்பிய செங்குத்தான மலை. மழைநீர் புகுந்து மணல் ஊறிக் கனத்து, சுற்றியிருந்த கல்லை வெளியே தள்ளி, பகுதி பகுதியாகச் சரிந்தது. 1960இல் பிரெஞ்சுக் குழு ஒன்று அதைக் கல் கல்லாகப் பிரித்து, எண் போட்டு, சுற்றிலும் காட்டில் பரப்பி வைத்தது. போர் வந்தது, வேலை நின்றது, 1970களில் கெமர் ரூஜ் என்ற கம்யூனிஸ்ட் இயக்கத்தின் ஆட்சிக் காலத்தில் எந்தக் கல் எங்கே என்ற குறிப்புகளெல்லாம் அழிந்தன. மிச்சம், சுமார் 3 லட்சம் கற்கள்! சாந்து இல்லாமல் கல்லோடு கல்லைத் தேய்த்துப் பொருத்திய கட்டடம் என்பதால் ஒவ்வொரு கல்லுக்கும் ஒரே ஒரு இடம்தான் உண்டு. 1995இல் மறுபடி தொடங்கி, பழைய புகைப்படங்களையும் கற்களின் அளவுகளையும் வைத்துத் தேடித் தேடி 2011இல் முடித்தார்கள். எங்களிடம் வேலைக்குச் சேரும் பிள்ளைகளுக்கு நான் முதலில் சொல்வது இந்தக் கதையைத்தான், கூடவே ஆவணத்துக்கு இரண்டு பிரதி, இரண்டு வெவ்வேறு ஊரில்.

சரி, நீங்கள் கையெட்டும் தூரத்தில் பார்க்கக்கூடிய சேதத்துக்கு வருவோம். அங்கோர் வாட்டின் நடைமண்டபத் தூண்களில் அடிப்பக்கம் மட்டும் அரித்துக் குழிந்திருப்பதைக் கவனியுங்கள். மணற்கல் படிவம் படிவமாக உருவானது. நீளமான தூண் வேண்டுமென்றால் படிவத்தின் போக்கிலேயே வெட்டி எடுத்து நிமிர்த்தி வைக்க வேண்டும், அப்போது அடுக்குகள் செங்குத்தாகிவிடும். கீழிருந்து ஓதம், அதாவது நில ஈரம், ஏறும், அதோடு உப்பும் ஏறும், காயும்போது உப்பு படிகமாகிப் பருத்து அடுக்கைப் பெயர்த்துத் தள்ளும். வௌவால் எச்சமும் இதில் கூட்டாளி, அதிலிருக்கும் உப்புகள் கல்லுக்கு நஞ்சு. வௌவால் ஏன் அங்கே குடியிருக்கிறது? கெமர் சிற்பிகள் உண்மையான வளைவைப் பயன்படுத்தவில்லை, கற்களைக் கொஞ்சம் கொஞ்சமாக முன்தள்ளி அடுக்கி உச்சியில் மூடினார்கள். அதனால் மண்டபங்கள் குறுகலாகவும் மேலே இருட்டாகவும் இருக்கின்றன. முன்பு அந்த இருட்டை மறைத்த மரக்கூரைத்தளம் இப்போது இல்லை, வௌவாலுக்கு வசதியாகப் போயிற்று.

இதில் 'சிமெண்ட் வைத்து அடைத்துவிடலாமே' என்பவர்கள் எல்லா ஊரிலும் உண்டு. அடைத்தால் ஓதம் வேறு வழி தேடும், பக்கத்துக் கல் கெடும், சிமெண்டே தன் பங்குக்கு உப்பையும் கொடுக்கும்.

அப்புறம் நம் கை. சுவர்களில் சுமார் 1,800 தேவமகளிர் சிற்பங்கள் இருக்கின்றன. கையெட்டும் உயரத்தில் உள்ள சிலவற்றில் மார்பு மட்டும் கறுத்துப் பளபளக்கிறது. அது காலம் செய்ததில்லை, வருகிறவர்கள் தடவித் தடவி ஏறிய எண்ணெயும் வியர்வையும். தொடாதீர்கள் என்று பலகை இருக்கிறது, இருந்தும் செல்ஃபிக்குத் தோளில் கை போடுகிறார்கள். முதுகுப்பையை முன்னால் மாட்டிக்கொள்ளுங்கள், குறுகிய வாசல்களில் அதன் ஜிப்பே உளிபோல வேலை செய்யும். மரப்படி போட்ட இடத்தில் கல்படியில் ஏறாதீர்கள்.

'பழைய' சிலைத்தலை என்று எவராவது காட்டினால் வாங்கவே வாங்காதீர்கள். நியூயார்க்கில் 2011இல் ஏலத்துக்கு வந்த துரியோதனன் சிலைக்குப் பாதம் இல்லை, பாதங்கள் கம்போடியாவில் கோ கெர் என்ற இடத்துக் கோயிலில் பீடத்தோடு அப்படியே இருந்தன. அதை வைத்தே வழக்கு நடந்து 2014இல் சிலை ஊர் திரும்பியது. வீட்டுக்கு ஒன்று வேண்டுமென்றால் உள்ளூர்க் கைவினைஞர்கள் புதிதாகச் செதுக்குவதை வாங்குங்கள், தரம் பிரமாதமாக இருக்கும்.

போகிறவர்களுக்கு இன்னொன்று: சூரிய உதயத்துக்குக் கூட்டம் முழுக்க மேற்கு வாசலில் நிற்கும்போது நீங்கள் கிழக்கு மண்டபத்துக்குப் போனால், பாற்கடல் கடையும் 49 மீட்டர் சிற்பத்தைக் காலை வெளிச்சத்தில் பார்க்கலாம். உச்சித் தளத்துக்கு ஏறத் தோளும் முழங்காலும் மூடியிருக்க வேண்டும், பௌத்தப் புனித நாட்களில் அது மூடியிருக்கும், நாள் பார்த்துப் போங்கள்.