கோடியிலிருந்து பத்தின் அடுக்குக்கு

2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டில் 7,21,47,030 பேர். இதை அறிவியல் குறியீட்டில், அதாவது ஒரு சிறிய எண்ணைப் பத்தின் அடுக்கால் பெருக்கும் வடிவத்தில் எழுத, எண்ணின் வலது ஓரத்தில் ஒரு தசமப்புள்ளி இருப்பதாகக் கொள்ளுங்கள். எந்த முழு எண்ணுக்கும் அங்கே புள்ளி உண்டு, எழுதுவதில்லை, அவ்வளவுதான். அதை இடப்பக்கமாக நகர்த்தி முதல் இலக்கத்துக்கு அடுத்தாற்போல் வைத்தால் 7 இடம் கடந்திருக்கும். ஆகவே 7.2147030 × 10⁷.

முன்னால் நிற்கும் எண் 1-க்குக் குறையக் கூடாது, 10-ஐத் தொடவும் கூடாது. 72.147030 × 10⁶ மதிப்பில் சரி, ஆனால் அறிவியல் குறியீடு ஆகாது. 0-வை மட்டும் இந்த வடிவத்தில் எழுதவே முடியாது.

இடங்களை ஒவ்வொன்றாக எண்ணும்போதுதான் பலரும் தவறுகிறார்கள். நம் காற்புள்ளி முறையிலேயே விடை இருக்கிறது: ஆயிரம் 10³, லட்சம் 10⁵, கோடி 10⁷. பூமிக்கும் சூரியனுக்கும் இடையிலான சராசரித் தொலைவு 14,95,97,871 கி.மீ. கோடிக்கு 7, கோடியின் இடத்தில் 14 என இரண்டு இலக்கம் இருப்பதால் இன்னொன்று சேர்த்து 8. எனவே 1.49597871 × 10⁸ கி.மீ. பட்ஜெட் செய்திகளில் வரும் ‘3 லட்சம் கோடி’ இன்னும் எளிது: 5-ஐயும் 7-ஐயும் கூட்டினால் 3 × 10¹². பன்னாட்டு முறையில் எழுதிய 149,597,871-க்கு ஒவ்வொரு காற்புள்ளிக்கும் 3 வீதம் 6, முன்னால் மூன்று இலக்கம் இருப்பதால் மேலும் 2. அதே 8 வருகிறது. ஒரு முறையில் காற்புள்ளியிட்ட எண்ணை இன்னொரு முறையில் எண்ணினால் மட்டும் விடை கெட்டுவிடும்.

இந்தக் குறியீட்டின் உண்மையான பயன் எழுத்தைச் சுருக்குவது மட்டுமல்ல. 45,00,000 என்று எழுதினால், அந்தப் பூஜ்ஜியங்கள் அளந்து கிடைத்தவையா, இடம் நிரப்ப வந்தவையா என்று தெரியாது. 4.5 × 10⁶ என்றால் இரண்டு இலக்கம் வரைதான் நம்பலாம். 4.500 × 10⁶ என்றால் நான்கு இலக்கமும் உறுதி. அதனால் கடைசிப் பூஜ்ஜியங்களைக் கண்ணை மூடிக்கொண்டு வெட்டக் கூடாது. மக்கள்தொகையின் கடைசி 0 எண்ணிப் பெற்றது, ஆகவே அது இருந்தாக வேண்டும். நடுவில் வரும் பூஜ்ஜியமோ எப்போதும் விலகாது. முழுதாக்கும்போதும் ஒரு பொறி உண்டு: 9,99,600-ஐ மூன்று இலக்கத்துக்கு முழுதாக்கினால் 10.0 × 10⁵ வரும். அதை 1.00 × 10⁶ என்று மாற்றி எழுத வேண்டும்.

கால்குலேட்டரில் 3 × 10⁸ உள்ளிட, 3-ஐ அழுத்தி, ‘எக்ஸ்ப்’ பொத்தானை அழுத்தி, 8-ஐ அழுத்தினால் போதும். இடையில் பெருக்கல் குறியும் 10-உம் சேர்த்தால் 3 × 10⁹ ஆகிவிடும், ஏனென்றால் அந்தப் பொத்தானுக்குள்ளேயே பத்து இருக்கிறது.

எக்ஸெல்லில் 12 இலக்க ஆதார் எண்ணைத் தட்டினால் 2.34568 போன்ற ஓர் எண்ணும், ‘ஈ’ என்னும் ஆங்கில எழுத்தும், +11-உம் தெரியும். அந்த எழுத்துக்கு ‘10-இன் அடுக்கு’ என்று பொருள். எண் உள்ளே பத்திரமாகவே இருக்கும். 16 இலக்க வங்கி அட்டை எண் என்றால் கதை வேறு: எக்ஸெல் 15 இலக்கம்தான் காக்கும், கடைசி இலக்கம் 0 ஆகிவிடும், திரும்பக் கிடைக்காது. தட்டுவதற்கு முன்பே அந்தக் கட்டங்களை ‘டெக்ஸ்ட்’ வடிவத்துக்கு மாற்றிவிடுங்கள்.