எக்ஸ்ரே நார்மல்தான், அப்புறம் கை ஏன் எழவில்லை?

போன புதன்கிழமை ஒரு டீ மாஸ்டர் வந்திருந்தார். 54 வயது. சட்டையைக் கழற்றச் சொன்னேன். இடது கையால் வலது மணிக்கட்டைப் பிடித்துத் தூக்கி, வலது கையை ஒரு பொருளைப் போல நகர்த்தித்தான் கழற்றினார். பக்கத்தில் நின்ற அவர் மனைவி பழகிய வேலை போலச் சட்டையை வாங்கி மடித்துக்கொண்டார்.

எட்டு மாதம் முன்பு கடையின் பின்கட்டில் ஈரத்தில் வழுக்கி, வலது தோள் அடிபட விழுந்திருக்கிறார். அன்றே எக்ஸ்ரே எடுத்தார்கள். எலும்பு முறிவு இல்லை, ஒன்றுமில்லை என்று வலி மாத்திரையும் களிம்பும் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். கை எழவில்லை. சுளுக்கு என்று எண்ணெய் போட்டு உருவினார்கள், பதினோரு தடவை. பிறகு யாரோ, "உங்களுக்கு சுகர் இருக்குதில்லீங்க, அது ஃப்ரோஸன் ஷோல்டர்தான்" என்று சொல்ல, வீட்டு உத்தரத்தில் கயிறும் உருளையும் கட்டி மூன்று மாதம் இழுத்திருக்கிறார். நடுவில் இரண்டு ஊசி வேறு.

அவர் பின்னால் போய் நின்று பார்த்தேன். வலது தோள்பட்டை எலும்புக்கு மேலும் கீழும் சதை வற்றிக் குழி விழுந்திருந்தது. கையை மெதுவாகத் தூக்கினேன். தடையே இல்லாமல் காது வரை வந்தது. "இப்படியே பிடிச்சுக்குங்கண்ணே" என்று சொல்லிக் கையை விட்டேன். தொப்பென்று விழுந்தது.

பத்து விநாடி வேலை. எட்டு மாதத்தில் யாராவது ஒருவர் இதைச் செய்து பார்த்திருக்கலாம். இந்த மாதத்தில் இப்படி வந்தவர்களில் இவர் மூன்றாவது ஆள். அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

தோள் மூட்டைச் சுற்றி நான்கு தசைகள் இருக்கின்றன. அவற்றை எலும்போடு இணைக்கும் நாண்கள் ஒன்றாகச் சேர்ந்து, மேற்கை எலும்பின் தலையில் சட்டையின் கைப்பட்டி போலச் சுற்றிப் பிடித்திருக்கும். இதைத்தான் ரொட்டேட்டர் கஃப் என்கிறோம். அதில் மேலே இருக்கும் சுப்ராஸ்பைனேட்டஸ் நாண்தான் அதிகம் கிழிகிறது. உடற்கூறு இவ்வளவு போதும்.

எனக்குப் பெரிய ஆற்றாமை, கை தூக்க முடியாத எல்லாவற்றுக்கும் ஃப்ரோஸன் ஷோல்டர் என்று ஒரே பெயரை வைத்துவிடுவதுதான். சர்க்கரை நோய் இருந்தால் கேட்கவே வேண்டாம், வாசலிலேயே பெயர் சூட்டிவிடுகிறார்கள். ஃப்ரோஸன் ஷோல்டர் என்கிற இறுகிய தோளும் கிழிந்த நாணும் வேறு வேறு நோய். கிணற்றை நினைத்துக்கொள்ளுங்கள். உருளை துருப்பிடித்து இறுகிவிட்டால் யார் இழுத்தாலும் வாளி ஏறாது. அது இறுகிய தோள்: நீங்கள் தூக்கினாலும் எழாது, நான் தூக்கினாலும் எழாது, மூட்டைச் சுற்றியுள்ள உறையே சுருங்கியிருக்கிறது. கயிறு அறுந்த கிணறு வேறு மாதிரி. உருளை நன்றாகச் சுற்றும், வாளி மட்டும் ஏறாது. அது கிழிந்த நாண்: அடுத்தவர் தூக்கினால் கை எழும், தானாகத் தூக்கினால் எழாது, அல்லது பாதி வழியில் தோள் காதை நோக்கி ஏறிக்கொள்ளும், கை மட்டும் அங்கேயே நிற்கும். இறுகிய தோள் பெரும்பாலும் மெல்ல மெல்ல வரும், ஓரிரு வருடத்தில் மெல்ல மெல்ல விடும். விழுந்த அன்றே கை தூக்க முடியாமல் போனால் அதை இறுக்கம் என்று சொல்லாதீர்கள். உருளைக்கு எண்ணெய் விட்டால் அறுந்த கயிறு ஒட்டாது. சிலருக்கு இரண்டும் சேர்ந்தே இருக்கும், வலியில் தோளை அசைக்கவே முடியாதவருக்கு முதல் நாள் பரிசோதனை தெளிவாக இருக்காது. அதற்காகத்தான் பத்து, பதினான்கு நாளில் திரும்ப வரச் சொல்கிறோம்.

அடுத்தது எக்ஸ்ரே. எக்ஸ்ரேயில் எலும்பு தெரியும், நாண் தெரியாது. "எக்ஸ்ரே நார்மல்" என்றால் எலும்பு முறியவில்லை, மூட்டு விலகவில்லை என்று மட்டும்தான் பொருள். பெரிய கிழிசல் பழசாகிவிட்டால், கையெலும்பின் தலை மேலேறி மேல்கூரை எலும்புக்கும் அதற்குமான இடைவெளி 7 மில்லிமீட்டருக்கும் கீழே குறையும்போது எக்ஸ்ரேயிலும் அது தெரியவரும். அதற்குள் காலம் கடந்திருக்கும். சந்தேகம் வந்தால் அல்ட்ராசவுண்ட் போதும், அனுபவமுள்ளவர் பார்க்க வேண்டும். ஆபரேஷன் யோசனை இருந்தால் எம்.ஆர்.ஐ. வேண்டும், அதில்தான் நாண் எவ்வளவு பின்வாங்கியிருக்கிறது, தசை எந்த நிலையில் இருக்கிறது என்று தெரியும்.

சக மருத்துவர்களுக்கு ஒரு வேண்டுகோள். சீட்டில் 'எலும்பு முறிவு இல்லை' என்று எழுதும்போது கூடவே ஒரு வரி சேர்த்து எழுதுங்கள்: 'இரண்டு வாரத்தில் கை தானாக எழவில்லை என்றால் திரும்ப வரவும்.' 40 வயதுக்கு மேல் தோள் மூட்டு விலகி வந்தவருக்கு மூட்டை உட்கார வைத்ததோடு வேலை முடிவதில்லை. அந்த வயதில் மூட்டு விலகும்போது நாணும் சேர்ந்து கிழிவது சகஜம். நோயாளியின் சட்டையைக் கழற்றிப் பின்புறத்திலிருந்து பாருங்கள். பெண்கள் கூச்சப்படுவார்கள். நர்ஸைக் கூட நிறுத்திக்கொண்டு, முன்பக்கம் துண்டு போர்த்திப் பார்க்கலாம். சேலைத் தலைப்புக்கு மேல் கையை வைத்துவிட்டு வாயு என்று எழுதிக் கொடுப்பது பரிசோதனையே இல்லை.

யாருக்கெல்லாம் கிழிகிறது? கீழே விழுபவர்களுக்கு. கம்பியைப் பிடித்து நின்று வரும்போது பஸ் சடாரென்று பிரேக் போட, மொத்த உடம்பும் ஒரு கையில் தொங்கியவர்களுக்கு. கனத்த சிலிண்டரை எட்டிப் பிடித்தவர்களுக்கு. இவை திடீர்க் கிழிசல்கள். இன்னொரு வகை வருடக்கணக்கில் நைந்து கிழிவது. பெயின்டர், எலக்ட்ரீஷியன், தலைக்கு மேலே கையை வைத்தே வேலை செய்கிறவர்களுக்கு வரும், எதுவுமே செய்யாமல் வயதானாலும் வரும். பீடி, சிகரெட் நாணைக் கெடுக்கும், தைத்த நாண் ஒட்டுவதையும் கெடுக்கும். ராத்திரி அந்தப் பக்கம் ஒருக்களித்துப் படுக்க முடியாத வலியும், தலை பின்னும்போதும் பரணிலிருந்து டப்பாவை எடுக்கும்போதும் வரும் வலியும் இரண்டு வகைக்கும் பொது.

இந்த இரண்டாவது வகைக்காரர்களைப் பயமுறுத்தவும் எனக்கு விருப்பமில்லை. 62 வயது டீச்சரம்மா ஒருவர் எம்.ஆர்.ஐ. ரிப்போர்ட்டைப் பிடித்துக்கொண்டு அழுதபடி வந்தார். கிழிசல் என்று அதில் எழுதியிருந்தது உண்மை. ஆனால் கையை முழுவதும் தூக்கினார், நான் எதிர்த்து அழுத்தியபோதும் தாங்கினார். அறுபதைத் தாண்டியவர்களில் வலியே இல்லாத தோளைப் படம் எடுத்தாலும் பலருக்குக் கிழிசல் தெரியும். டீச்சரம்மாவுக்கு ஆபரேஷன் இல்லாமல் மூன்று மாதப் பிசியோதெரபியிலேயே வலி அடங்கிவிட்டது. நாங்கள் வைத்தியம் பார்ப்பது ஆளுக்கு, படத்துக்கு இல்லை.

ஊசி பற்றியும் சொல்லிவிடுகிறேன். ஸ்டீராய்டு ஊசி வலியைக் குறைத்து உடற்பயிற்சிக்கு வழிவிடும், கிழிந்ததை ஒட்டாது. திரும்பத் திரும்பப் போட்டால் நாண் இன்னும் பலவீனமாகும். சர்க்கரை உள்ளவர்களுக்குச் சில நாள் அளவு எகிறும், சொல்லிவிட்டுப் போடுங்கள், கேட்டுவிட்டுப் போட்டுக்கொள்ளுங்கள்.

திடீர்க் கிழிசலில் அவசரம் ஏன்? நாண் அறுந்தால் தசை பின்னுக்கு இழுத்துக்கொண்டு சுருங்கும். வேலையில்லாத தசைக்குள் கொழுப்பு புகும். பிரான்சின் கூட்டாலியே என்ற மருத்துவர் 1994இல் இதை சுழியிலிருந்து நான்கு வரை ஐந்து நிலையாகப் பிரித்தார். இன்றும் அதை வைத்துத்தான் பேசிக்கொள்கிறோம். மூன்றாம் நிலை என்றால் சதையும் கொழுப்பும் சரிபாதி. அந்தக் கொழுப்பு திரும்பச் சதையாகாது, தைத்தாலும் ஆகாது. முதல் மூன்று மாதத்துக்குள் வந்தால் நாண் இழுத்த இழுப்புக்கு வரும், நுண்துளை வழியாக எலும்பில் சிறு ஆணி பதித்துத் தைத்துவிடலாம். இது நேற்று வந்த வைத்தியமும் இல்லை. பாஸ்டனில் காட்மன் இந்த நாணைத் தைத்தது பற்றி 1911லேயே எழுதிவிட்டார். செலவுக்குப் பயந்து தள்ளிப்போடுகிறவர்களே, நம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகள் பலவற்றில் இது நடக்கிறது, காப்பீட்டு அட்டையோடு போய் விசாரியுங்கள்.

ஆபரேஷன் முடிந்தவர்களுக்குக் கொஞ்சம் கண்டிப்பாகவே சொல்கிறேன். நான்கிலிருந்து ஆறு வாரம் கைத்தொட்டில் போடச் சொன்னால் போடுங்கள். மூன்றாம் வாரம் வலி போய்விடும், உடனே கழற்றிவிட்டு வண்டி ஓட்டுகிறீர்கள். வலி போவதும் நாண் ஒட்டுவதும் ஒன்றல்ல. நூல் பிடித்துக்கொண்டுதான் இருக்கும், ஒட்ட வேண்டியது உங்கள் உடம்பு. கனம் தூக்குவது மூன்று மாதத்துக்குப் பிறகுதான், முழு பலம் வர ஆறு மாதம், சிலருக்கு வருடம்கூட ஆகும்.

இன்னொன்று, இது தசைநாணுக்குச் சம்பந்தமில்லாதது, ஆனால் சொல்லாமல் விட முடியாது. அடிபடாமல் திடீரென்று இடது தோளில் வலி, கூடவே வியர்வை, நெஞ்சு அடைப்பு, மூச்சுத் திணறல் என்றால் என்னிடம் வராதீர்கள். நேரே இசிஜி எடுக்கும் இடத்துக்குப் போங்கள்.

விழுந்தவர்களே, தயவுசெய்து உருவ விடாதீர்கள். வலி குறைகிறதே என்று காத்திருக்காதீர்கள், கை எழுகிறதா என்று பாருங்கள். வரும்போது பழைய எக்ஸ்ரேக்களைக் கொண்டு வாருங்கள், கை தளர்வான சட்டை போட்டு வாருங்கள்.

டீ மாஸ்டரின் எம்.ஆர்.ஐ. வந்துவிட்டது. நாண் வெகுதூரம் உள்ளே போயிருக்கிறது, சதையில் பாதிக்கு மேல் கொழுப்பு. தைக்க முடியாது. வேறொரு தசையின் நாணை எடுத்து மாற்றிப் பொருத்தலாம், அதற்கு முன் மிச்சமிருக்கும், தோளை மேலே மூடியிருக்கும் டெல்டாய்டு தசையைப் பழக்கிப் பார்க்கலாம் என்று முடிவு செய்தோம். அவர் மனைவி கேட்டார், "அந்தக் கயிறு உருளை இருக்கட்டுங்களா சார்?" கழற்றிவிடச் சொன்னேன். பிறகு அவரை மல்லாந்து படுக்க வைத்து, கையைக் கூரையைப் பார்த்து நேராக நிறுத்தினேன். படுத்த நிலையில் கையின் கனம் எலும்பின் மேலேயே இறங்கிவிடும், தசைக்கு வேலை குறைவு. என் கையை எடுத்துக்கொண்டேன். கொஞ்சம் நடுங்கியது, ஆனால் நின்றது. ஒரு நாளைக்கு மூன்று வேளை இப்படி, முதலில் வெறுங்கையோடு, பிறகு அரை லிட்டர் தண்ணீர் பாட்டிலோடு, தலைமாட்டைக் கொஞ்சம் கொஞ்சமாக உயர்த்திக்கொண்டே போக வேண்டும். 12 வாரம் கழித்து வரச் சொல்லியிருக்கிறேன்.