அப்பா வரைஞ்ச படத்த டிஷ்யூவால துடைக்காதீங்க

பழைய பெயின்டிங், பேப்பர் இதெல்லாம் பழுதுபாக்குறதுதான் என் பொழப்பு. போன வருஷம் இங்க சிங்கப்பூர்ல ஈசூன்லேர்ந்து ஒரு ஆன்ட்டி ஒரு படத்த துண்டுல சுத்தி எடுத்துட்டு வந்தாங்க. "தம்பி, எங்கப்பா வரைஞ்சது, கீழ பூரா ஒரே கறை, கொஞ்சம் கிளீன் பண்ணிக் குடுப்பா"ன்னாங்க. அப்பா ஐஎன்ஏல, அதாவது நேதாஜியோட இந்திய தேசிய ராணுவத்துல இருந்தவராம், 1944ல இம்பால் பக்கம் சண்டைக்குப் போய்ட்டு உயிரோட திரும்புனவரு, ஆனா வீட்டுல அதப்பத்தி வாயத் தொறந்ததே இல்ல, 20 வருஷம் கழிச்சு பிள்ளைங்களோட ஸ்கூல் வாட்டர்கலர எடுத்து சட்டை வாங்குன டப்பா அட்டையில இத வரைஞ்சிருக்காரு.

துப்பாக்கி, கொடி ஒன்னும் கிடையாது. மழை, மூங்கில், வரிசையா நடக்குற ஆளுங்க, அவ்வளவுதான். லைட்ட பக்கவாட்டுல வச்சு லென்ஸ்ல பாத்தா, கறைன்னு சொன்ன எடத்துக்கு அடியில பென்சில் கோடு ஓடுது. முட்டிவரைக்கும் சேத்துல புதைஞ்ச காலு. அது மேல பழுப்பு கலர திரும்பத் திரும்ப பூசிருக்காரு, அட்டையே ஊறி உப்பிப் போற அளவுக்கு. இம்பால்லேர்ந்து பின்வாங்கி வந்தப்ப குண்டடிபட்டு செத்தவங்களவிட பசியிலயும் மலேரியாவுலயும் வயித்துப்போக்குலயும் போனவங்கதான் ஜாஸ்தி, அந்த மழைக்காலத்த நடந்து பாத்தவருக்கு சண்டைன்னா சேறுதான் போல.

ஜெர்மனில ஓட்டோ டிக்ஸ்னு ஒரு ஓவியர், முதல் உலகப்போர்ல மெஷின்கன் பிடிச்சவரு, அவரும் 1918ல போர் முடிஞ்சு பத்து வருஷத்துக்கு மேல கழிச்சு 1929லதான் 'போர்'ங்கற பெரிய படத்த ஆரம்பிச்சு 1932ல முடிச்சாரு. இடிஞ்ச வீடுகளுக்குள்ள ஊர்ந்து போற மாதிரி வருஷக்கணக்கா கனவு வந்துச்சுன்னு அவரே சொல்லிருக்காரு. 1933ல நாஜிங்க வந்ததும் வேலையும் போச்சு.

சரி, ஆன்ட்டி கதைக்கு வர்றேன். அவங்க வீட்டுல இன்னொரு படமும் இருந்துச்சாம், ஒரு கடையில லேமினேட் பண்ணிக் குடுத்துட்டாங்க, சூட்டுல பசை அட்டையோட ஒட்டிக்கிச்சு, அத இனிமே பிரிக்கவே முடியாது, எனக்கு வயிறு எரிஞ்சுது. வாட்டர்கலர்ல ஈர டிஷ்யூ பட்டா கலரே கையோட வந்துரும். டேப்பும் ஒட்டாதீங்க. நம்ம ஊர்ல ஈரப்பதம் சராசரியா 80%க்கு மேல, 65% தாண்டுனாலே பூஞ்சைக்கு கொண்டாட்டம்தான், அதனால பாத்ரூம் சுவத்துல மாட்டவே கூடாது, கண்ணாடி படத்து மேல நேரா படாம நடுவுல ஆசிட் இல்லாத மவுண்ட் அட்டை வேணும். பின்பக்கத்தையும் மறக்காம போட்டோ எடுத்து வைங்க, பேரு, தேதி எல்லாம் அங்கதான் எழுதிருப்பாங்க.

பின்னாடி இருந்த பூஞ்சைய மட்டும் காய்ஞ்ச பிரஷ்ஷால எடுத்துட்டு, லென்ஸ ஆன்ட்டி கையில குடுத்தேன். ரொம்ப நேரம் பாத்தாங்க. "ஏன் தம்பி, மூஞ்சி மூணுதான் இருக்கு, கால் மட்டும் நாலு ஜோடி இருக்கே?"ன்னாங்க. நான் அதுவரைக்கும் எண்ணிப் பாக்கல.